அரசு ஆதரவு ஆலையோடு போட்டி: வழக்கு நிற்குமா?

வாசகர் கடிதம், சுருக்கமாக: மேற்கு மாவட்டம் ஒன்றில் மாட்டுத்தீவன ஆலை நடத்தும் 46 வயது வாசகர் எழுதியிருக்கிறார். (அடையாளம் தெரியாதபடி சில விவரங்களை மாற்றியிருக்கிறேன்.) அப்பா காலத்துப் புண்ணாக்கு மில்லை 11 வருடத்துக்கு முன் கலப்புத் தீவன ஆலையாக மாற்றினார். 14 பேர் வேலை செய்கிறார்கள். சுற்றுவட்டாரத்தில் 60 பால் சொசைட்டிகளுக்கு இவருடைய மூட்டைகள் போய்க்கொண்டிருந்தன. இப்போது 22 சொசைட்டிகள்தான். அரசு ஆதரவோடு நடக்கும் மாவட்டக் கூட்டுறவுப் பால் ஒன்றியம் தன்னுடைய தீவனத்தை 50 கிலோ மூட்டைக்கு 200 ரூபாய்க்கு மேல் குறைத்து விற்கிறது. ஆறு மாதத்துக்கு முன் ஒரு சுற்றறிக்கையும் வந்தது: சங்கங்கள் ஒன்றியத் தீவனத்தையே வாங்க வேண்டும், வெளித் தீவனம் விற்கும் சங்கத்துக்கு ஊக்கத்தொகை கிடையாது. சில ஊர்களில் செயலாளர்கள் இன்னும் ஒரு படி மேலே போய், "வெளித் தீவனம் போடுற வீட்டுப் பாலை எடுக்க மாட்டோம்" என்று வாய்மொழியாகச் சொல்கிறார்களாம்.

அவருடைய கேள்விகள் மூன்று. வரிப்பணத்தில் நடக்கும் ஒரு அமைப்பு எங்களோடு வியாபாரத்தில் மோதலாமா, அதைத் தடுக்க முடியாதா? அரசு மேல் போட்டிச் சட்ட வழக்கு நிற்காது என்று வக்கீல் நண்பர் ஒருவர் சொல்கிறாரே, உண்மையா? பக்கத்து ஊர்களின் ஒன்பது தனியார் ஆலைக்காரர்களும் வரும் ஞாயிற்றுக்கிழமை கூடி, இன்ன விலைக்குக் கீழே யாரும் விற்பதில்லை, ஒன்றிய ஆலைக்குச் சரக்கு கொடுக்கும் மக்காச்சோள வியாபாரிகளிடம் இனி யாரும் வாங்குவதில்லை என்று தீர்மானம் போடப் போகிறார்கள். அதில் கையெழுத்துப் போடலாமா?

அன்புள்ள வாசகருக்கு,

நீங்கள் அனுப்பிய சுற்றறிக்கைப் போட்டோவை மூன்று முறை பெரிதாக்கிப் பார்த்தேன். கீழே கையெழுத்தும் சீலும் இருக்க வேண்டிய இடத்தில் உங்கள் கட்டைவிரல்தான் தெரிகிறது. அந்த விரலுக்குப் பின்னால் இருக்கும் பெயரும் பதவியும்தான் உங்கள் வழக்கு எந்த வாசலுக்குப் போக வேண்டும் என்பதை முடிவு செய்யும். அதற்குப் பிறகு வருகிறேன். அவசரமான விஷயம் வேறொன்று இருக்கிறது.

ஞாயிற்றுக்கிழமைத் தீர்மானம்

கையெழுத்துப் போடாதீர்கள். உங்கள் கடிதத்தில் இருப்பவற்றிலேயே போட்டிச் சட்டத்தைத் தெளிவாக மீறுவது ஒன்றியத்தின் செயல் இல்லை, உங்கள் ஒன்பது பேரின் இந்தத் திட்டம்தான். வருத்தமாக இருக்கும், ஆனால் சொல்லாமல் விட முடியாது.

போட்டிச் சட்டம், 2002-இன் 3(3) பிரிவு, ஒரே தொழிலில் இருப்பவர்கள் சேர்ந்து விலையை நிர்ணயித்தாலோ, சரக்கு வரத்தையோ விற்பனையையோ கட்டுப்படுத்தினாலோ அது போட்டியைக் கெடுக்கிறது என்று முன்கூட்டியே அனுமானித்துக்கொள்கிறது. கெடுக்கவில்லை என்று நிரூபிக்கும் சுமை உங்கள் தலையில் விழும். "நாங்கள் சின்ன ஆட்கள், பெரிய ஆளிடமிருந்து தப்பிக்கத்தான் செய்தோம்" என்று பின்னால் சொல்லலாம். அபராதத் தொகையைக் குறைக்க அது கொஞ்சம் உதவலாம், தப்பு இல்லை என்று ஆக்காது. கூட்டு விலை நிர்ணயத்துக்கு, அது நடந்த ஒவ்வொரு வருடத்துக்கும் லாபத்தைப் போல மூன்று மடங்கு அல்லது விற்றுமுதலில் 10 சதவீதம், இதில் எது அதிகமோ அதுவரை அபராதம் போகலாம். நிறுவனத்தோடு நிற்காமல் பொறுப்பில் இருக்கும் ஆட்கள் மேலும் தனியாக வரும்.

இது ஏட்டில் மட்டும் இருக்கும் சட்டமில்லை. 2012-ல் சிமென்ட் நிறுவனங்கள் மேலும் அவற்றின் சங்கத்தின் மேலும் போட்டி ஆணையம் (இந்தச் சட்டத்தை அமல்படுத்தும் மத்திய அமைப்பு) 6,000 கோடி ரூபாய்க்கு மேல் அபராதம் விதித்தது. அது மேல்முறையீடுகளில் வருடக்கணக்காக ஓடியது. அவர்கள் பெரிய முதலாளிகள் என்று நினைப்பீர்கள். மருந்துக் கடைக்காரர் சங்கங்களும் மாட்டியிருக்கின்றன. சங்கத்தின் தடையில்லாச் சான்று இல்லாமல் புது மருந்து மொத்த வியாபாரியை நியமிக்கக் கூடாது என்று வைத்திருந்த வழக்கத்துக்காக அபராதம் கட்டியவர்கள் அவர்கள். மக்காச்சோள வியாபாரிகளைப் புறக்கணிக்கும் உங்கள் யோசனையும் அதே ஜாதகம்தான்.

அப்போ கூட்டமே கூடக் கூடாதா? கூடலாம். சங்கமாகச் சேர்ந்து அமைச்சருக்கு மனு கொடுக்கலாம். வழக்குச் செலவைப் பங்கு போட்டுக்கொள்ளலாம். ஆணையத்திடம் சங்கத்தின் பெயரிலேயே தகவல் (அதாவது புகார்) தாக்கல் செய்யலாம். விலை, யாருக்கு விற்பது, யாரிடம் வாங்குவது, இந்த மூன்றும் மேஜைக்கு வரக் கூடாது. வந்தால் "எனக்கு இதில் சம்மதமில்லை" என்று சொல்லி, அதை மினிட்ஸில் எழுதச் சொல்லிவிட்டு எழுந்து வந்துவிடுங்கள். வாட்ஸ்அப் குழுவில் ஏற்கெனவே விலைப் பேச்சு நடந்திருந்தால் அதை அழிக்காதீர்கள். அழித்தது தெரியவந்தால் இருந்ததைவிட மோசம். விலகுகிறேன் என்று அதே குழுவில் ஒரு வரி போட்டுவிட்டு, ஒரு வக்கீலை நேரில் பாருங்கள்.

அரசு வியாபாரம் செய்யலாமா?

செய்யலாம். உங்கள் கோபம் புரிகிறது, ஆனால் இந்தக் கேள்விக்கு 1951-லேயே பதில் எழுதப்பட்டுவிட்டது. அரசியலமைப்பு வந்த புதிதில் உத்தரப் பிரதேசத்தில் அரசே பஸ் ஓட்டத் தொடங்கியபோது தனியார் பஸ் முதலாளிகள் அலகாபாத் உயர் நீதிமன்றத்துக்குப் போனார்கள். எங்கள் தொழில் உரிமை என்ன ஆயிற்று என்று அவர்கள் கேட்டது கிட்டத்தட்ட உங்கள் கேள்விதான், தீர்ப்பும் அரசுக்குத் தலைவலியாக அமைந்தது. உடனே முதலாவது அரசியலமைப்புத் திருத்தத்தில், தொழில் உரிமைக்கு வரம்பு சொல்லும் 19(6)-ஐ மாற்றினார்கள். அரசோ அரசு நிறுவனமோ எந்தத் தொழிலையும் நடத்தலாம், வேண்டுமானால் சட்டம் இயற்றிக் குடிமக்களை முழுக்கவோ பகுதியாகவோ அதிலிருந்து விலக்கலாம் என்று அது சொல்கிறது. தமிழ்நாட்டில் 2003-லிருந்து மதுச் சில்லறை விற்பனை அரசு நிறுவனத்தின் கையில் மட்டும் இருப்பது இந்த அடித்தளத்தில்தான்.

ஆனால் இதில் ஒரு நுணுக்கம் இருக்கிறது, அது உங்களுக்குச் சாதகம். குடிமக்களை விலக்கச் சட்டம் வேண்டும். மாட்டுத்தீவனம் விற்கத் தனியாருக்கு உரிமை இல்லை என்று எந்தச் சட்டமும் இல்லை. ஆக, ஒன்றியம் உங்களோடு போட்டி போடலாம். ஒரு சுற்றறிக்கையை வைத்து உங்களைச் சந்தையிலிருந்து வெளியேற்ற முடியுமா என்பது வேறு கேள்வி.

மானியத்தைப் பற்றியும் ஒரு வார்த்தை. ஐரோப்பிய ஒன்றியத்தில் அரசு ஒரு நிறுவனத்துக்குக் கொடுக்கும் உதவி போட்டியைக் கெடுக்கிறதா என்று கேட்பதற்கே அவர்களுடைய ஒப்பந்தத்தில் தனிப் பிரிவு உண்டு. நம் போட்டிச் சட்டத்தில் அப்படி ஒன்று கிடையாது. "அவர்களுக்கு மானியம் கொடுக்கிறார்கள், எனக்குக் கொடுக்கவில்லை" என்பதை மட்டும் வைத்து ஆணையத்திடம் போனால் முதல் பக்கத்திலேயே மூடிவிடுவார்கள். அது அரசியல் வாதம். சட்டமன்ற உறுப்பினரிடம் சொல்லுங்கள், பத்திரிகையில் எழுதுங்கள். மனுவில் எழுதினால் அது மற்ற வாதங்களையும் நீர்த்துப்போகச் செய்யும்.

"அரசு மேல் வழக்கு நிற்காது"

உங்கள் நண்பர் சொன்னது ஒரு காலத்தில் உண்மை. 1969-இன் ஏகபோக வணிக முறைகள் சட்டத்தில் அரசு நிறுவனங்களுக்கு விலக்கு இருந்தது. 1991-ல்தான் அது தளர்ந்தது. பழைய பாடப் புத்தகத்தில் படித்தவர்களுக்கு அந்த நினைவு போகவே போகாது.

இப்போதைய சட்டத்தின் 2(h) பிரிவு, வணிகம் செய்யும் அரசுத் துறையையும் "நிறுவனம்" என்றே சேர்க்கிறது. அரசின் இறையாண்மைச் செயல்பாடுகளுக்குத்தான், அதாவது அரசு மட்டுமே செய்யக்கூடிய வேலைகளுக்குத்தான் விலக்கு. அணுசக்தி, நாணயம், பாதுகாப்பு, விண்வெளி ஆகியவற்றை மத்திய அரசுத் துறைகள் கையாள்வதைச் சட்டமே பெயர் சொல்லி வெளியே வைக்கிறது. மாட்டுத்தீவனம் அந்தப் பட்டியலுக்குப் பக்கத்தில்கூட வராது. கூட்டுறவுச் சங்கங்களும் சட்டத்துக்குள் வருகின்றன. ஆதிக்க நிலையை, அதாவது சந்தையைத் தன் இஷ்டத்துக்கு ஆட்டிவைக்கும் பலத்தை, அளக்கும் 19(4) பிரிவிலோ, அந்த நிலை சட்டத்தால் வந்ததா, அரசு நிறுவனமாக இருப்பதால் வந்ததா என்பதையும் பார்க்கச் சொல்லியிருக்கிறது.

சந்தேகம் மிச்சமிருந்தால் மத்திய அரசின் நிலக்கரி நிறுவனமான கோல் இந்தியாவின் வழக்கு தீர்த்துவிட்டது. அங்கே புகார்காரர்களில் ஒருவர் மகாராஷ்டிர அரசின் சொந்த மின் உற்பத்தி நிறுவனம் என்பது வேடிக்கை. நிலக்கரி ஒப்பந்த விதிகள் ஒருதலைப்பட்சமானவை, தரம் பார்ப்பதில் வாங்குபவருக்குப் பேச்சே இல்லை என்பது குற்றச்சாட்டு. 2013 டிசம்பரில் ஆணையம் 1,773 கோடி ரூபாய் அபராதம் விதித்தது. மேல்முறையீட்டில் அந்த உத்தரவு ரத்தானது. ஆணையம் வழக்கை மறுபடி விசாரித்து 2017-ல் 591 கோடி விதித்தது. நாங்கள் நாட்டுடைமைச் சட்டத்தின் கீழ் பொதுநலனுக்காக இயங்குகிறோம், எங்களுக்குப் போட்டிச் சட்டம் பொருந்தாது என்று கோல் இந்தியா உச்ச நீதிமன்றம் வரை வாதாடியது. பொருந்தும் என்று 2023 ஜூனில் தீர்ப்பு வந்தது.

கேரள அரசின் மருத்துவக் காப்பீட்டுத் திட்ட டெண்டரில் கூடிப் பேசி விலை கேட்டார்கள் என்று பொதுத்துறைக் காப்பீட்டு நிறுவனங்கள் நான்கின் மேல் 2015-ல் 671 கோடி அபராதம் விழுந்ததும் உண்டு. மேல்முறையீட்டில் அது சில கோடிகளாகச் சுருங்கியது வேறு கதை.

இங்கேதான் உங்களை எச்சரிக்க வேண்டும். வழக்கு நிற்கும் என்பதும் வழக்கு ஜெயிக்கும் என்பதும் ஒன்றில்லை. சரக்குப் பெட்டக ரயில் ஓட்டத் தனியாருக்கு அனுமதி கொடுத்த பிறகு, ரயில்வே தன்னுடைய சொந்த நிறுவனத்துக்கே சாதகமாக நடக்கிறது என்று தனியார் நிறுவனம் ஒன்று புகார் கொடுத்தது. ரயில் ஓட்டுவது இறையாண்மைச் செயல் அல்ல, ரயில்வேயும் ஒரு "நிறுவனம்"தான் என்று 2012-ல் டெல்லி உயர் நீதிமன்றம் சொன்னது. புகார்காரர் இனிப்பு கொடுத்திருப்பார். அதே வருடம், சட்ட மீறல் எதுவும் இல்லை என்று ஆணையம் புகாரை முடித்துவிட்டது.

200 ரூபாய் குறைவு என்ற வாதம்

உங்கள் கடிதத்தில் பாதிப் பக்கங்கள் இந்த விலையைப் பற்றித்தான். என் கருத்தில் உங்கள் வழக்கின் பலவீனமான பகுதியும் இதுதான்.

குறைந்த விலைக்கு விற்பது குற்றமில்லை. சொல்லப்போனால் போட்டிச் சட்டம் விரும்புவதே அதைத்தான். "அழிப்பு விலை" என்று நிரூபிக்க மூன்று படி ஏற வேண்டும். அந்தச் சந்தையில் ஒன்றியம் ஆதிக்க நிலையில் இருக்க வேண்டும். அடக்க விலைக்கும் கீழே விற்க வேண்டும். போட்டியாளரை ஒழிக்கும் நோக்கம் இருக்க வேண்டும். முதல் படியிலேயே சறுக்கும். உங்கள் மாவட்டத்தில் ஒன்பது தனியார் ஆலைகள் இருக்கின்றன, வெளி மாநில பிராண்டுகள் கடைகளில் கிடைக்கின்றன, புண்ணாக்கும் தவிடும் தனியாக வாங்கி வீட்டிலேயே கலக்கிப் போடுகிறவர்களும் உண்டு. இதில் தீவனச் சந்தையின் ராஜா ஒன்றியம்தான் என்று காட்டுவது கடினம்.

அடக்க விலைக் கணக்கும் அப்படித்தான். ஆணையம் முக்கியமாகப் பார்ப்பது மாறும் செலவை: மக்காச்சோளம், தவிடு, புண்ணாக்கு, தாது உப்பு, சாக்கு, மின்சாரம், இறக்குக் கூலி. ஆலைக் கட்டடத்தின் கடன் வட்டி உங்களை அழுத்துகிறது, அவர்களை அழுத்தவில்லை என்பது அந்தக் கணக்கில் வராது. அரசு மானியத்தை வரவில் வைத்தால் நாங்கள் நஷ்டத்துக்கே விற்கவில்லை என்று அவர்கள் வாதிடுவார்கள். ஒரு சாதாரண விவசாயி மூட்டைக்கு 200 ரூபாய் மிச்சம் பிடிப்பதைத் தடுக்கச் சொல்லி நீங்கள் நிற்பதுபோல் காட்சி மாறிவிடும். அந்தக் காட்சி உங்களுக்கு வேண்டாம்.

சுற்றறிக்கையைப் பிடியுங்கள்

விலையை விட்டுவிட்டுக் கட்டாயத்துக்கு வாருங்கள். ஒன்றியத் தீவனம் உண்மையிலேயே மலிவாகவும் நல்லதாகவும் இருந்தால் கட்டாயப்படுத்த என்ன தேவை? ஆணையத்தின் முன்னால் நான் இந்தக் கேள்வியில்தான் தொடங்குவேன்.

ஒன்றியத்துக்கு உண்மையான பலம் இருப்பது தீவனச் சந்தையில் இல்லை, பால் வாங்கும் சந்தையில். நீங்களே எழுதியிருக்கிறீர்கள்: சில ஊர்களில் காலையும் மாலையும் பால் ஊற்ற சொசைட்டியை விட்டால் வேறு இடமில்லை, பட்டுவாடா நாளில்தான் அந்த வீடுகளுக்குக் கையில் காசு. அப்படிப்பட்ட ஊரில் "வெளித் தீவனம் போட்டால் பால் எடுக்க மாட்டோம்" என்று சொன்னால் எந்த வீடு வெளித் தீவனம் வாங்கும்? ஒரு சந்தையில் இருக்கும் ஆதிக்கத்தை வைத்து இன்னொரு சந்தைக்குள் நுழைவதையும் அங்கே தன்னைக் காத்துக்கொள்வதையும் போட்டிச் சட்டத்தின் 4(2)(e) தடுக்கிறது. சம்பந்தமில்லாத நிபந்தனையை ஒப்பந்தத்தோடு கட்டுவதை 4(2)(d) தடுக்கிறது. மற்றவர்களுக்குச் சந்தைக் கதவை அடைப்பது 4(2)(c). சங்கங்கள் தனித்தனிச் சட்ட நபர்கள் என்பதால், "எங்களிடம் மட்டும் வாங்கு" என்ற ஏற்பாட்டை 3(4)-இன் கீழும் கேள்வி கேட்கலாம். அங்கே போட்டிக்குக் கணிசமான பாதிப்பு வந்திருக்கிறது என்று நீங்கள்தான் காட்ட வேண்டும். 60 சொசைட்டி 22 ஆனது ஒரு ஆலையின் கணக்கு. ஒன்பது ஆலைகளின் கணக்கையும் தேதிவாரியாக வைத்தால் அது சாட்சியம்.

இங்கும் ஒரு ஓட்டை இருக்கிறது. தனியார் பால் நிறுவனங்களின் வண்டி வரும் ஊர்களில் ஒன்றியம் பால் வாங்குவதில் ஆதிக்கம் செலுத்துகிறது என்று சொல்ல முடியாது. எந்தெந்த ஊரில் வண்டி வருகிறது, எதில் வரவில்லை என்று ஒரு பட்டியல் போடுங்கள். மாவட்டம் முழுவதையும் சேர்த்து வழக்காடினால் தோற்பீர்கள், சில ஊர்களை மட்டும் எடுத்தால் ஒரு வாய்ப்பு இருக்கிறது.

எதிர்த்தரப்பு சொல்லப்போகும் பதிலையும் இப்போதே சொல்லிவிடுகிறேன்: தரம். பூஞ்சை பிடித்த தீவனத்திலிருந்து அஃப்ளடாக்சின் என்ற நச்சு பாலுக்கு வருகிறது. உணவுப் பாதுகாப்பு ஆணையத்தின் 2018 தேசியப் பால் ஆய்வில் 6,432 மாதிரிகளில் 368-ல் அஃப்ளடாக்சின் எம்1 வரம்பைத் தாண்டியிருந்தது. அதில் 88 தமிழ்நாட்டு மாதிரிகள், மாநிலங்களிலேயே அதிகம். "பாலைக் காப்பாற்றத்தான் எங்கள் தீவனத்தையே போடச் சொன்னோம்" என்பது காற்றில் விடும் வாதம் இல்லை, கேட்கிறவர் காது கொடுப்பார். உங்கள் பதில் இப்படி இருக்க வேண்டும்: தரம்தான் கவலை என்றால் ஒரு தர அளவை வையுங்கள், அதைத் தேறும் எந்தத் தீவனத்தையும் அனுமதியுங்கள். அப்படிச் சொல்ல உங்கள் கையில் ஆய்வக அறிக்கைகள் இருக்க வேண்டும். கடந்த இரண்டு வருடத்தில் எத்தனை முறை உங்கள் தீவனத்தைப் பரிசோதனைக்கு அனுப்பினீர்கள் என்று கடிதத்தில் இல்லை. அனுப்பவில்லை என்றால் நாளைக்கே அனுப்புங்கள்.

கட்டைவிரலுக்குப் பின்னால் யார்?

இப்போது அந்தக் கையெழுத்து. சுற்றறிக்கையில் ஒன்றியத்தின் பொது மேலாளர் கையெழுத்திட்டிருந்தால் அது வியாபார முடிவு, போட்டி ஆணையத்துக்குப் போகலாம். துணைப் பதிவாளர் (பால்வளம்) கையெழுத்திட்டிருந்தால் கதை மாறும். அவர் தீவனம் விற்பவரில்லை, சங்கங்களை மேற்பார்வையிடும் அரசு அதிகாரி. "இது வணிகமில்லை, நிர்வாக உத்தரவு" என்று ஆணையம் ஒதுங்கிக்கொள்ளக்கூடும். அப்போது உங்கள் வாசல் சென்னை உயர் நீதிமன்றம், அரசியலமைப்பின் 226-ஆவது பிரிவின் கீழ் ரிட் மனு. எந்தச் சட்டப் பிரிவின் கீழ் இந்த உத்தரவு போட்டீர்கள், ஒரு விற்பனையாளருக்கு மட்டும் சாதகமாக உத்தரவிட உங்களுக்கு அதிகாரம் உண்டா என்ற கேள்விக்கு அவர் பதில் சொல்லியாக வேண்டும். நேர்மையாகச் சொன்னால், இந்த வழிதான் உங்களுக்கு வேகமானது, செலவும் குறைவு. ஆனால் ஒன்றியமோ கிராமச் சங்கமோ தானாக எடுத்த முடிவை எதிர்த்து ரிட் போடுவது சிக்கல். கூட்டுறவுச் சங்கங்கள் பொதுவாக "அரசு" என்ற வரையறைக்குள் வருவதில்லை, சட்டக் கடமையை மீறியிருந்தால்தான் நீதிமன்றம் தலையிடும்.

நகல் கிடைக்காவிட்டால் துணைப் பதிவாளர் அலுவலகத்துக்குத் தகவல் உரிமை மனு போடுங்கள். 10 ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் போதும். சங்கத்திடம் நேரடியாகக் கேட்டால் "நாங்கள் பொது அதிகார அமைப்பு இல்லை" என்று 2013-இன் உச்ச நீதிமன்றத் தீர்ப்பைக் காட்டுவார்கள். அதே தீர்ப்புதான், பதிவாளர் சட்டப்படி கேட்டுப் பெறக்கூடிய தகவலை அவர் வழியாகக் கேட்கலாம் என்றும் சொல்கிறது.

பாலைத் திருப்பி அனுப்பிய சம்பவம் உண்மையிலேயே நடந்திருந்தால், அந்த உறுப்பினருக்குத் தனி உரிமை உண்டு. தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டம், 1983-இன் 90-ஆவது பிரிவின் கீழ் அவரே தாவா எழுப்பலாம். நீங்கள் அவருக்காக அதைச் செய்ய முடியாது. அவரை முன்னால் தள்ளிவிட்டுப் பின்னால் நிற்கவும் வேண்டாம். நாளைக் காலையும் அதே சொசைட்டியில் பால் ஊற்ற வேண்டியவர் அவர்.

ஆணையத்துக்குப் போனால்

போட்டி ஆணையம் டெல்லியில் இருக்கிறது, 2021 முதல் சென்னையில் மண்டல அலுவலகமும் உண்டு. பாதிக்கப்பட்டவர்தான் வர வேண்டும் என்றில்லை, யாரும் தகவல் தாக்கல் செய்யலாம். பெயரை மறைத்து வைக்கக் கோரலாம். ஆனால் ஒரு மாவட்டத்தில் ஒன்பது தீவன ஆலைகள் இருக்கும்போது எத்தனை நாள் மறைந்திருக்க முடியும் என்று யோசித்துக்கொள்ளுங்கள்.

தகவலைப் படித்துவிட்டு, முதல் நோக்கில் விஷயம் இருப்பதாகத் தோன்றினால் ஆணையத்தின் விசாரணைப் பிரிவுத் தலைமை இயக்குநரை விசாரிக்கச் சொல்வார்கள், இல்லாவிட்டால் அங்கேயே முடித்துவிடுவார்கள். விசாரணைக்கு உத்தரவு வந்தால் அது வெற்றி என்று பத்திரிகைக்குச் சொல்லிவிடாதீர்கள், அது கதவு திறந்ததற்கு மட்டுமே அடையாளம். கடைசியில் மீறல் உறுதியானால் ஒன்றியம் அந்த நடைமுறையை நிறுத்த வேண்டும், சராசரி விற்றுமுதலில் 10 சதவீதம் வரை அபராதம் கட்ட வேண்டும். அபராதம் அரசுக் கணக்குக்குப் போகும், உங்களுக்கு ஒரு ரூபாய் வராது. நஷ்ட ஈடு வேண்டுமென்றால் அதன் பிறகு தேசிய நிறுவனச் சட்ட மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்தில் தனி மனு. கோல் இந்தியாவில் சட்டம் பொருந்துமா என்ற ஒரு கேள்வி தீர்வதற்கே முதல் அபராதத்திலிருந்து ஒன்பதரை வருடம் ஆனது. உங்கள் வழக்கு அவ்வளவு பெரியதில்லை, ஆனால் சில மாதங்களில் முடியும் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள்.

இடைக்கால உத்தரவு கேட்கலாம், 33-ஆவது பிரிவு அதற்குத்தான். ஆனால் அரிதாக, தாமதித்தால் சரிசெய்ய முடியாத சேதம் வரும் என்ற நிலையில் மட்டுமே கொடுக்க வேண்டும் என்று 2010-ல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. 2023 திருத்தத்துக்குப் பிறகு எதிர்த்தரப்பே "இந்த நடைமுறையை மாற்றிக்கொள்கிறோம்" என்று உறுதிமொழி கொடுத்து வழக்கை முடித்துக்கொள்ள வழி வந்திருக்கிறது. உங்களுக்கு வேண்டியது அபராதமா, அந்தச் சுற்றறிக்கை போவதா? பின்னது என்றால் இந்த வழியை நினைவில் வையுங்கள்.

நான் உங்கள் இடத்தில் இருந்தால் இப்படிச் செய்வேன். முதலில் முழு நகல். பிறகு பால்வளத் துறை ஆணையருக்கும் மாவட்ட ஆட்சியருக்கும் பதிவுத் தபாலில் ஒரு மனு: ஒன்றியத் தீவனத்தை நிறுத்தக் கேட்கவில்லை, விலையைக் கூட்டக் கேட்கவில்லை, கட்டாயத்தை மட்டும் நீக்குங்கள், தர அளவு வைத்தால் நாங்களும் தயார். ஒன்றரைப் பக்கத்துக்கு மேல் வேண்டாம். இப்படி எழுதினால் வழக்கு இல்லாமலேயே சுற்றறிக்கை திருத்தப்பட ஓரளவு வாய்ப்பு இருக்கிறது. எழுத்தில் கொடுத்ததைக் கோர்ட்டில் நின்று நியாயப்படுத்த எந்த அதிகாரியும் ஆசைப்பட மாட்டார். ஒரு மாதம், ஒன்றரை மாதம் பாருங்கள். அசையவில்லை என்றால் கையெழுத்தைப் பொறுத்து ரிட் அல்லது ஆணையம்.

ஆணையத்துக்கு மூன்று வருடக் காலக்கெடு உண்டு, காரணம் எழுந்த நாளிலிருந்து. உங்களுக்கு ஆறு மாதம்தான் ஆகியிருக்கிறது, பதற வேண்டாம். செயலாளர்கள் பேசியதைப் போனில் பதிவு செய்து வைத்திருப்பதாக எழுதியிருக்கிறீர்கள். அதை வெட்டி ஒட்டி யாருக்கும் அனுப்பாதீர்கள். பதிவான போனையே பத்திரமாக வையுங்கள், மின்னணுச் சாட்சியத்துக்குச் சான்றிதழ் கொடுக்கும்போது அந்தக் கருவியே தேவைப்படும். சுற்றறிக்கையை வெளிச்சத்தில் வைத்து, நான்கு மூலைகளும் தெரியும்படி மறுபடி ஒரு போட்டோ எடுத்து அனுப்புங்கள். கையெழுத்து தெரிந்த பிறகு ரிட்டா, ஆணையமா என்று எழுதுகிறேன்.